முகத்தின் மேல் விழுந்த வெளிச்சம்

ஜப்பானிய சினிமாவின் சரித்திரத்தை நாம் டைரக்டர்களின் பெயர்களாகவே மனப்பாடம் செய்து வைத்திருக்கிறோம்: ஓஸு, மிஸோகுச்சி, குரோசாவா. இவர்களுக்கு முன்னால் வந்த ஹென்றி கொதானியும் படங்களை இயக்கியவர்தான். ஆனால் அவர் முதலில் நடிகர், பிறகு காமிராக்காரர், அதற்கப்புறமே டைரக்டர். இந்த வரிசை எனக்கு முக்கியமாகப் படுகிறது.

1887இல் ஹிரோஷிமாவில் பிறந்த அவர், சிறு வயதிலேயே குடும்பத்தோடு ஹவாய் வழியாக அமெரிக்கா போனார். தாமஸ் இன்ஸின் கம்பெனியில் நடித்தார். பின்னர் ஃபேமஸ் பிளேயர்ஸ்-லாஸ்கி கம்பெனியில், ஸெஸில் பி. டிமிலின் ஒளிப்பதிவாளரான ஆல்வின் வைக்காஃபிடம் தொழில் கற்றார். 1915இல் வந்த 'தி சீட்' படத்தில், ஸெஸ்ஸூ ஹயகாவாவின் முகத்தில் ஒரு பாதியை இருட்டுக்கு விட்டுவிடும் துணிச்சல் இருந்ததே, அது வைக்காஃபின் பள்ளி.

1920இல் டோக்கியோவின் கமாட்டாவில் ஸ்டுடியோ தொடங்கிய ஷோச்சிகு கம்பெனி கொதானியை வரவழைத்துக்கொண்டது. அன்றைய ஜப்பானியப் படங்கள் பெரும்பாலும் மேடையின் நகல்கள். காமிரா எட்டி நின்றது. வெளிச்சம் முகத்துக்கும் சுவருக்கும் வித்தியாசம் பாராமல் சமமாக விழுந்தது. பெண் பாத்திரங்களை ஒன்னகாதா என்னும் ஸ்திரீபார்ட் நடிகர்கள் ஏற்றார்கள். பின்னாளில் டைரக்டரான கினுகாஸா தெய்னொசுகேயும் அவர்களில் ஒருவர். திரைக்கருகில் நின்று பென்ஷி கதையைச் சொல்லிவிடுவார். முகத்துக்கென்று தனி வேலை இல்லை.

கொதானி அமெரிக்க ஒளியமைப்பைக் கொண்டுவந்தார். பின்னாலிருந்து வரும் வெளிச்சம் முகத்தைச் சுவரிலிருந்து பிரித்தெடுத்தது. 1921இல் அவர் இயக்கிய 'குபிஜின்ஸோ'வில் குரிஷிமா ஸுமிகோ என்ற பெண் அறிமுகமாகி, பெரிய நட்சத்திரமானார். வெளிச்சம் மாறியதையும் பெண்கள் திரைக்கு வந்ததையும் சரித்திரக்காரர்கள் தனித்தனியாக எழுதுவார்கள். எனக்கு இரண்டும் ஒன்றாகவே தெரிகின்றன. ஒன்னகாதாவின் கலை தாழ்ந்ததல்ல. ஆனால் அது அசைவால் பெண்மையைக் கட்டுகிற கலை. அதற்குத் தூரம் வேண்டும். பக்கவாட்டு ஒளியில் நெருங்கி வரும் காமிரா அந்தத் தூரத்தை அழித்துவிடுகிறது. அந்த ஒளியின் முன் நடிகராக நின்று பழகியவருக்கு இது மற்றவர்களைவிடச் சீக்கிரம் புரிந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

ஷோச்சிகு அவரிடமிருந்து எடுத்துக்கொண்டது பாதிதான். 1924இல் கமாட்டாவின் பொறுப்பேற்ற கிதோ ஷிரோவுக்கு வேண்டியிருந்தவை பிரகாசமான, மகிழ்ச்சியான படங்கள். விளக்கு நின்றது, வைக்காஃப் கற்றுக்கொடுத்த இருட்டு வெளியே போயிற்று. வியாபாரம் எப்போதும் உத்தியை வரவேற்கும். அந்த உத்தி எதைக் காட்டப் பிறந்ததோ, அதைக் கண்டால்தான் அதற்குப் பயம்.

கொதானி 1972இல் மறைந்தார். அந்தக் காலத்து ஜப்பானியப் படங்களில் மிகப் பெரும்பான்மை அழிந்துவிட்டன. டைரக்டரின் பெயரைப் பட்டியலில் காப்பாற்றி வைக்கலாம். ஒரு கன்னத்தின் மேல் வெளிச்சம் எப்படி விழுந்தது என்பதைப் பிலிம் மட்டுமே வைத்திருக்க முடியும்.