உலக வரலாறு யாருடைய வரலாறு? பாலிபியஸ் முதல் நேரு வரை.. எழுதியவர்களின் கதை!

ஒரு நாட்டின் வரலாற்றை எழுதுவதே பெரும்பாடு. அப்படி இருக்கும்போது மொத்த உலகத்தின் வரலாற்றையும் ஒரே நூலில் எழுத முடியுமா? 2,000 ஆண்டுகளுக்கும் மேலாக பலர் முயன்று பார்த்திருக்கிறார்கள். யாரைச் சேர்ப்பது, யாரை விடுவது என்பதில்தான் சிக்கலே. விடுபட்டவர்கள் ‘வரலாறே இல்லாதவர்கள்’ ஆகிவிடுகிறார்கள். அது எப்படி நடந்தது? பிறகு எப்படி மாறியது? விரிவாகப் பார்க்கலாம்.

உலக வரலாறு என்றால் என்ன?

எல்லா நாட்டு வரலாற்றையும் வரிசையாக அடுக்கி வைத்தால் அது உலக வரலாறு ஆகிவிடாது. ஓர் இடத்தில் நடந்தது இன்னோர் இடத்தை எப்படி மாற்றியது என்று தொடர்புபடுத்திச் சொல்ல வேண்டும்.

உதாரணத்துக்கு மிளகாயை எடுத்துக்கோங்க. அது அமெரிக்கக் கண்டத்துப் பயிர். 1492ல் கொலம்பஸ் அங்கே போன பிறகுதான், போர்ச்சுகீசிய வணிகர்கள் வழியாக இந்தியாவுக்கு வந்தது. அதாவது நம்ம வீட்டு மிளகாய்ப் பொடிக்குப் பின்னால் மூன்று கண்டங்களின் கதை இருக்கிறது. இந்த மாதிரி தொடர்புகளைத் தேடுவதுதான் உலக வரலாறு.

பிணைக்கைதி எழுதிய வரலாறு

இந்த எண்ணத்தை ஆரம்பத்திலேயே தெளிவாகச் சொன்னவர்களில் ஒருவர் பாலிபியஸ். கிரேக்கரான இவர், கி.மு. 167ல் பிணைக்கைதியாக ரோம் நகருக்குக் கொண்டு போகப்பட்டார். 53 ஆண்டுகளுக்குள் ரோம் எப்படி இவ்வளவு நாடுகளைப் பிடித்தது என்பதே அவருடைய கேள்வி. அதுவரை தனித்தனியாக நடந்த சம்பவங்கள் இனி ஒன்றோடொன்று பின்னிவிட்டன என்று வாதிட்டு 40 நூல்கள் எழுதினார். இன்று முழுசாக கிடைப்பது முதல் 5 மட்டும்தான்.

ஆனால் அவர் ‘உலகம்’ என்று சொன்னது பெரும்பாலும் மத்திய தரைக்கடலைச் சுற்றிய நாடுகளைத்தான். மையத்தில் இருந்தது ரோம்.

மங்கோலியர் அவையில் ஒரு புது முயற்சி

14ஆம் நூற்றாண்டின் தொடக்கம். ஈரானை ஆண்டவர்கள் மங்கோலியர்கள். அவர்களிடம் அமைச்சராக இருந்தவர் ரஷீத் அல்-தீன். அடிப்படையில் மருத்துவர், யூதக் குடும்பத்தில் பிறந்து இஸ்லாத்துக்கு மாறியவர். மங்கோலியர் வரலாற்றை எழுதச் சொன்னார் மன்னர் கசான். அடுத்து வந்த மன்னர் ஓல்ஜைத்து, மற்ற மக்களின் வரலாற்றையும் சேர்க்கச் சொன்னார்.

அப்படி உருவானதுதான் ‘ஜாமி அல்-தவாரிக்’. சீனர், இந்தியர், யூதர், ஐரோப்பியர் என அனைவருக்கும் அதில் இடம் உண்டு. முக்கியமான விஷயம் என்னன்னா, இந்தியப் பகுதிக்காக காஷ்மீரைச் சேர்ந்த கமலஸ்ரீ என்ற பௌத்தத் துறவியின் உதவியைப் பெற்றார். ஒரு நாட்டைப் பற்றி எழுத, அந்த நாட்டுக்காரரிடமே கேட்டார்.

அவர் முடிவு சோகமானது. மன்னருக்கு விஷம் வைத்ததாக குற்றம்சாட்டப்பட்டு 1318ல் கொல்லப்பட்டார்.

ஆப்பிரிக்காவை ஒதுக்கிய ஹெகல்

அடுத்த 500 ஆண்டுகளில் நிலைமை தலைகீழானது. ஐரோப்பிய நாடுகள் உலகை ஆளத் தொடங்கின. வரலாற்றின் மையமும் அங்கே நகர்ந்தது. ஜெர்மானிய தத்துவவாதி ஹெகல், 1820களில் உலக வரலாறு பற்றி சொற்பொழிவுகள் ஆற்றினார். வரலாறு கிழக்கில் தொடங்கி ஐரோப்பாவில் முழுமை அடைகிறது என்றார். ஆப்பிரிக்காவின் பெரும்பகுதி உலக வரலாற்றிலேயே சேராது என்றும் ஒதுக்கினார்.

ஆனால் உண்மை என்ன? அவருக்கு 400 ஆண்டுகளுக்கு முன்பே, மாலி பேரரசின் மன்னர்கள் வரிசையை வட ஆப்பிரிக்க அறிஞர் இப்னு கல்தூன் எழுதி வைத்திருந்தார். ஆதாரம் இருந்தது, அதைக் கணக்கில் எடுக்கவில்லை, அவ்வளவுதான். ‘வரலாறு இல்லாத மக்கள்’ என்ற பேச்சு, அவர்களை ஆள்வதற்கு ஒரு நியாயமாகவும் பயன்பட்டது.

சிறையிலிருந்து வந்த பதில்

இந்தப் பார்வையை மாற்ற முயன்றவர்களில் நேருவும் ஒருவர். 1930 முதல் 1933 வரை சிறையில் இருந்தபடி மகள் இந்திராவுக்கு கிட்டத்தட்ட 200 கடிதங்கள் எழுதினார். 1934ல் அவை நூலாக வந்தன. பக்கத்தில் பெரிய நூலகம் கிடையாது. தன் குறிப்பேடுகளும், எச்.ஜி. வெல்ஸ் எழுதிய உலக வரலாறும் கைகொடுத்தன. ஆனாலும் சீனா, பாரசீகம், அங்கோர், ஸ்ரீவிஜயம் என ஆசியாவுக்கு நிறைய இடம் கொடுத்தார்.

ஆப்பிரிக்கர்களே எழுதிய ஆப்பிரிக்கா

விடுதலை பெற்ற ஆப்பிரிக்க நாடுகளும் சும்மா இருக்கவில்லை. 1964ல் யுனெஸ்கோ மூலம் ‘ஆப்பிரிக்காவின் பொது வரலாறு’ திட்டம் தொடங்கியது. அதை வழிநடத்திய 39 பேர் குழுவில் மூன்றில் இரண்டு பங்கினர் ஆப்பிரிக்கர்கள். முதலில் 8 தொகுதிகள் வெளிவந்தன. முதல் தொகுதியின் ஆசிரியர் புர்கினா ஃபாசோவைச் சேர்ந்த ஜோசப் கி-செர்போ. கல்வெட்டு, ஏடுகள் மட்டுமல்ல, தலைமுறை தலைமுறையாக வாய்வழியாக சொல்லப்பட்ட கதைகளும் முறைப்படி சரிபார்த்து ஆதாரமாக எடுத்துக்கொள்ளப்பட்டன.

படிக்கும்போது என்ன கவனிக்கணும்?

யுபிஎஸ்சி முதன்மைத் தேர்வுக்கான உலக வரலாற்றுப் பாடத்திட்டம் 18ஆம் நூற்றாண்டில்தான் தொடங்குகிறது. அதாவது தொழிற்புரட்சியும் காலனி ஆட்சியும் வேகமெடுத்த காலம். அங்கிருந்து மட்டும் படித்தால் ஐரோப்பாதான் எப்போதுமே முன்னணியில் இருந்தது போலத் தோன்றும்.

அதனால் எந்த உலக வரலாற்று நூலை எடுத்தாலும் மூன்று கேள்விகள் கேளுங்க. கதை எந்தக் காலத்தில் தொடங்குகிறது? எந்தப் பகுதிக்கு எத்தனை பக்கம்? அந்த மக்கள் விட்டுச் சென்ற ஆதாரங்களைப் பார்த்தார்களா, இல்லை அவர்களை ஆண்டவர்களின் குறிப்புகளை மட்டும் பார்த்தார்களா? பதில் கிடைத்தால், அது யாருடைய உலகம் என்பது புரிந்துவிடும்.