காவிரிப் படுகையின் ஊரமைப்பும் சமூக ஏற்றத்தாழ்வும்

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களின் நெல்வயல் சமவெளியில் ஊர்கள் அக்கிரகாரம், குடியானத் தெரு, சேரி எனப் பிரிந்து வளர்ந்தன. யார் எங்கே வாழலாம் என்பதைச் சாதி வகுத்தது. அந்தப் பிரிவினையைக் காத்து நின்றது நிலவுடைமை. இவ்வூரமைப்பின் வரலாறு பெரும்பகுதி மனைக்கட்டு (வீடு நிற்கும் நிலம்) யார் பெயரில் இருந்தது என்பதன் வரலாறே.

சோழர் காலம்

தஞ்சைப் பெரிய கோயிலில் உள்ள முதலாம் இராசராசனின் கல்வெட்டுகள் (11ஆம் நூற்றாண்டின் தொடக்கம்) இப்பிரிவினைக்குத் தெளிவான சான்று. கோயிலுக்கு வருவாய் தந்த ஊர்களில் வரி நீக்கப்பட்ட நிலங்களைக் கணக்கிடும்போது ஊர்நத்தம், கம்மாணச்சேரி, பறைச்சேரி, தீண்டாச்சேரி ஆகியவற்றை அவை தனித்தனியே குறிக்கின்றன. வெள்ளாளர் சுடுகாடும் பறையர் சுடுகாடும்கூட வேறு வேறாகவே பதிவாயின. அதே கோயிலைச் சுற்றி, பல ஊர்களிலிருந்து வரவழைக்கப்பட்ட நானூறு தளிச்சேரிப் பெண்டுகளுக்கு (கோயில் ஆடல் மகளிர்) தெரு, சிறகு (தெருவின் ஒரு பக்கம்), வீடு எனக் கணக்கிட்டு இடம் ஒதுக்கப்பட்டது. திட்டமிட்டுக் குடியமர்த்தும் திறனும் மனிதரைத் தரம்பிரிக்கும் வழக்கமும் அன்றே ஒன்றாக இயங்கின. பிராமணருக்குத் தானமாக வழங்கிய பிரமதேய ஊர்களில் சுட்ட செங்கல்லால் மாடி எடுக்கும் உரிமையைச் செப்பேடுகள் தனிச் சலுகையாக வழங்கியதும் இதையே காட்டுகிறது.

மிராசும் மனைக்கட்டும்

ஆங்கிலேயர் ஆட்சியில் பரம்பரை நிலவுரிமை (மிராசு) கொண்ட மிராசுதார்களின் பிடி இறுகியது. அவர்களின் நிலத்தில் உழைத்த பண்ணையாளின் குடிசை நின்ற மண்ணும் பெரும்பாலும் மிராசுதாருடையதே. கூலி உயர்வு கேட்டால் வேலையோடு வீடும் போகும். 1920களில் தொழிலாளர் துறை தாழ்த்தப்பட்டோருக்கு வீட்டுமனை வாங்கித் தரத் தொடங்கியது இந்தப் பிடியைத் தளர்த்தத்தான்.

1920ஆம் ஆண்டின் சென்னை நகரமைப்புச் சட்டம் நகரங்களைப் பற்றியது. சிற்றூரின் சேரி அதன் கண்ணில் படவில்லை; பழைய பிரிவினை தொடர்ந்தது. 1960களின் தொடக்கத்தில் தஞ்சை மாவட்டச் சிற்றூர் ஒன்றை ஆய்ந்த சமூகவியலாளர் ஆந்த்ரே பெத்தேயும் அக்கிரகாரம், குடியானத் தெரு, சேரி மூன்றும் தனித்தனி உலகங்களாக நிற்பதைப் பதிவு செய்தார்.

கூத்தாநல்லூர்

திருவாரூர்–மன்னார்குடி சாலையில் அமைந்த கூத்தாநல்லூரின் வளர்ச்சி சற்று வேறுபட்டது. முஸ்லிம்கள் பெருமளவில் வாழும் இவ்வூரின் சபராளிகள் (கடல் கடந்து பொருளீட்டச் சென்றவர்கள்) மலேயாவிலும் சிங்கப்பூரிலும், பின்னர் வளைகுடா நாடுகளிலும் ஈட்டிய பணம் பள்ளிவாசல்களைச் சூழ்ந்த தெருக்களில் மாடிவீடுகளாக எழுந்தது. ‘சின்ன சிங்கப்பூர்’ என்ற பெயரும் ஒட்டிக்கொண்டது. நெல்லை மட்டும் நம்பாத செல்வம் ஓர் ஊரை நகராட்சியாக உயர்த்த முடிந்தது. ஆனால் சுற்றியுள்ள சிற்றூர்களில் உழைத்தவர்களுக்கு அந்த வழி திறக்கவில்லை. நடவுக்கூலியில் மாடிவீடு எழாது. மனை சொந்தமாக இல்லாதவருக்குக் கல்வீடே எட்டாக்கனி.

போராட்டமும் சட்டமும்

1940களில் மன்னார்குடி வட்டாரத்தில் பி. சீனிவாசராவ் கட்டியெழுப்பிய விவசாயிகள் சங்கம் பண்ணையாட்களுக்கு விதித்த சவுக்கடியையும் சாணிப்பால் (சாணம் கரைத்த நீரைக் குடிக்கவைத்தல்) தண்டனையையும் எதிர்த்து நின்றது. பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் 1952இல் வந்தது. 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வுப் போராட்டத்தை ஒட்டி, படுகையின் கீழ்வெண்மணிச் சிற்றூரில் குடிசை ஒன்றில் அடைக்கலம் புகுந்த 44 தலித் மக்கள் தீக்கிரையாயினர். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். தண்டிக்கப்பட்ட நிலவுடைமையாளர்களை உயர் நீதிமன்றம் பின்னர் விடுவித்தது.

அதே 1968 ஏப்ரலில்தான் அமெரிக்காவில் வீட்டு வாடகையிலும் விற்பனையிலும் நிறப்பாகுபாட்டைத் தடுக்கும் சட்டம் வந்தது. அங்கே 1930களில் அரசு நிறுவனம் ஒன்று கறுப்பின மக்களின் பகுதிகளை வரைபடத்தில் சிவப்பாகக் குறித்தது; அப்பகுதிகளுக்கு வீட்டுக்கடன் மறுக்கப்பட்டது. அங்கே கடன், இங்கே மனைக்கட்டு. இரண்டிலும் ஒதுக்கலுக்குக் கருவியானது வீடு.

தமிழ்நாட்டின் குடியிருப்பு உரிமைச் சட்டம் 1971இல் நிறைவேறியது. மிராசு நிலத்தில் குடியிருந்த விவசாயத் தொழிலாளர்களுக்கு அம்மனையையே உரிமையாக்கிய இச்சட்டம், வெளியேற்றுவோம் என்ற மிரட்டலின் வேரை அறுத்தது. 1981இல் சர்வோதயத் தம்பதியரான கிருஷ்ணம்மாளும் ஜெகந்நாதனும் தொடங்கிய லாஃப்டி (உழுவோர் விடுதலைக்கு நிலம்) இயக்கம் நிலமற்ற தலித் பெண்களின் பெயரில் விளைநிலத்தைப் பதிவு செய்தது.

இன்றைய நிலை

அரசு கட்டிய தொகுப்பு வீடுகள் பலவும் பழைய சேரியை ஒட்டியோ ஊருக்கு வெளியே வாங்கிய மனையிலோ எழுந்தன. கூரை மாறியது, இடம் மாறவில்லை. இதை உடைக்க முயன்ற திட்டம் 1997இல் அறிவிக்கப்பட்ட சமத்துவபுரம்: நூறு வீடுகளில் 40 தலித் குடும்பங்களுக்கு, மற்றவை பிற பிரிவினருக்கு, கலந்து ஒதுக்கப்பட்டன. கூரையும் எல்லோருக்கும் மாறிவிடவில்லை: 2018 நவம்பரில் கஜா புயல் டெல்டாவைத் தாக்கியபோது குடிசைவாசிகளே பெரும் இழப்பைச் சந்தித்தனர். சுடுகாட்டுப் பிரிவினையும் மறையவில்லை. சாதி வேறுபாடற்ற பொது மயானம் கொண்ட சிற்றூர்களுக்கு ஊக்கத்தொகை தரும் நிலை இன்றும் இருக்கிறது என்பதே மாற்றம் எவ்வளவு மெதுவானது என்பதற்குச் சான்று.

மதிப்பீடு

படுகையின் ஊரமைப்பில் நிகழ்ந்த பெரிய மாற்றம் 1971இன் மனையுரிமைதான். மிராசுதாரின் தயவில் நின்ற குடிசை அன்று உழைப்பாளியின் உடைமையாயிற்று. எஞ்சியிருப்பது அந்த மனை அமையும் இடம். புதிய பட்டாக்கள் ஊரின் நடுவிலும் சாலையோரத்திலும் வழங்கப்படும் வரை இவ்வரலாறு நிறைவு பெறாது.