ஒரு பாட்டும் கொடைக்கானல் பாதரசமும்

கொடைக்கானல் என்றாலே நம்மில் பலருக்கும் கல்லூரிச் சுற்றுலாதான் ஞாபகம் வரும். ஏரியில் படகு, தூண் பாறையில் குரூப் போட்டோ, பஸ்ஸில் பாட்டுக்குப் பாட்டு! அந்த ஊருக்காகவே எழுதப்பட்ட ஒரு பாட்டு உலகைச் சுற்றி வந்த வரலாற்றை, இப்போது படிக்கும் தம்பி தங்கைகளும் அறிய வேண்டும்.

பாடியவர் சோஃபியா அஷ்ரஃப். சென்னைப் பெண். தானே எழுதி ராப் பாணியில் பாடுபவர். போபால் விஷவாயுக் கொடுமையை நினைவூட்டி, 'டவ் கம்பெனியில் வேலைக்குச் சேராதீர்கள்' என்று 2008-இல் பாடினார். 'எந்த வேலையானாலும் சரி, கிடைத்தால் போதும்' என்றிருக்கும் வயதில் கேட்க வேண்டிய பாட்டு அது! பிறகு விளம்பரத் துறையில் பணியாற்றினார். ஏ.ஆர். ரகுமான் இசையில் 'ஜப் தக் ஹை ஜான்' (2012), 'மரியான்' (2013) ஆகிய படங்களில் பாடினார். சினிமா வாய்ப்பு வந்துவிட்டால் 'ஊர் வம்பு நமக்கெதற்கு' என ஒதுங்குவோர் உண்டு. இவர் ஒதுங்கவில்லை.

இனி, ஊர்க் கதைக்கு வருவோம். அமெரிக்காவின் வாட்டர்டவுன் நகரிலிருந்த தெர்மாமீட்டர் தொழிற்சாலை 1980-களில் கொடைக்கானலுக்கு இடம் பெயர்ந்தது. 1987-இல் அது யூனிலீவர் வசமாயிற்று. 2001 மார்ச்சில், மூஞ்சிக்கல் பழைய இரும்புக் கடை ஒன்றில் பாதரசம் கலந்த கண்ணாடிக் கழிவு 7.4 டன் கிடப்பதை ஊர் மக்களும் கிரீன்பீஸ் அமைப்பினரும் அம்பலப்படுத்தினர். ஆலை மூடப்பட்டது. 2003-இல் சுமார் 290 டன் கழிவு அமெரிக்காவுக்கே கப்பலேறியது. ஆனால் தொழிலாளர் பிரச்சினை தீரவில்லை. பாதரசத்தால் உடல் கெட்டது என்றனர் அவர்கள். இல்லை என்றது நிறுவனம். வழக்கு 2006 முதல் சென்னை உயர் நீதிமன்றத்தில் நடந்தது.

2015 ஜூலை இறுதியில் வந்தது 'கொடைக்கானல் வோன்ட்'. மெட்டு நிக்கி மினாஜுடையது, வார்த்தைகள் சோஃபியாவுடையவை. இயக்கியவர் ரதீந்திரன் பிரசாத். பல லட்சம் பேர் பார்த்தனர். மெட்டுக்குச் சொந்தக்காரரான நிக்கி மினாஜே அதைப் பகிர்ந்தார். யூனிலீவரின் தலைமை அதிகாரி பகிரங்கமாகப் பதில் சொல்ல வேண்டியதாயிற்று. 2016 மார்ச்சில் முன்னாள் தொழிலாளர் 591 பேருடன் நிறுவனம் உடன்பாடு செய்துகொண்டது.

'பாட்டு ஜெயிச்சுடுச்சு!' என்றார்கள். பாதி உண்மைதான். பதினைந்து ஆண்டுகள் மனுப் போட்டு, ஆதாரம் திரட்டி, கோர்ட் படியேறியவர்கள் தொழிலாளர்களே. வழக்குக் கட்டுகளுக்குள் கிடந்த அவர்கள் குரலை ஊர் கேட்கச் செய்தது பாட்டு. அந்த உழைப்பு இல்லையேல் பாட்டு வெறும் சத்தம். பாட்டு இல்லையேல் அந்த உழைப்பு இன்னும் எத்தனை ஆண்டு காத்திருந்திருக்குமோ!

உடன்பாட்டோடு சோஃபியா ஓய்ந்துவிடவில்லை. ஆலை மண்ணில் கிலோவுக்கு 20 மில்லிகிராம் பாதரசம் வரை விட்டுவைக்கலாம் என்ற துப்புரவு அளவை எதிர்த்து, 2018-இல் டி.எம். கிருஷ்ணா, அம்ரித் ராவ் ஆகியோருடன் மறுபடி பாடினார். மேலைநாட்டு மண்ணுக்கு ஒரு நியாயம், நம்ம மலைக்கு ஒரு நியாயமா என்பதே கேள்வி. ஆலையை ஒட்டிய பாம்பார் சோலையில் விழும் மழை கீழே சமவெளிக்குத்தான் இறங்குகிறது.

நம் கல்லூரி மேடையிலும் நன்றாகப் பாடும் பிள்ளைகள் இருக்கிறார்கள். முதலில் விவரம் திரட்டுங்கள், பிறகு பாடுங்கள். ஊர் நிச்சயம் கேட்கும்.