யார் இந்த விமலா ராமன்? சிட்னி அழகிப் போட்டியிலிருந்து பாலசந்தரின் கடைசிப் படம் வரை

சென்னை - திருச்சி நெடுஞ்சாலையில் பெரம்பலூரைத் தாண்டியதும் வருகிறது சிறுவாச்சூர். இங்குள்ள மதுரகாளியம்மன் கோவில் வாரத்தில் திங்கள், வெள்ளி ஆகிய 2 நாள்தான் வழக்கமாகத் திறந்திருக்கும். பல குடும்பங்களுக்கு இது குலதெய்வக் கோவில் என்பதால், வெளிநாட்டில் செட்டில் ஆனவர்கள்கூட ஊருக்கு வந்தால் இந்த 2 கிழமைகளைக் கணக்குப் பண்ணித்தான் பயணத்தைப் போடுவார்கள். அப்படி வரும் குடும்பங்களின் பிள்ளைகள் வீட்டில் தமிழ், வெளியே இங்கிலீஷ் என்று வளர்ந்தவர்கள். வார இறுதியில் பரதநாட்டிய வகுப்பு, ஊர் தமிழ்ச் சங்க விழாவில் ஒரு மேடை நிகழ்ச்சி என்பது அவர்களில் பலருக்கு வழக்கம்.

அப்படி வளர்ந்த ஒரு பெண் நேராக கோடம்பாக்கம் வந்து ஹீரோயின் ஆக முடியுமா? முடியும் என்பதற்கு ஓர் உதாரணம் விமலா ராமன். ஆனால் 'ஹீரோயின் ஆவது' வேறு, 'ஹீரோயினாகத் தொடர்வது' வேறு. அவருடைய திரைப்பயணத்தைப் பார்த்தால் இது நன்றாகவே புரியும்.

சிட்னியில் பிறந்தவர்

விமலா ராமன் பிறந்து வளர்ந்தது ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரில். சிறு வயதிலிருந்தே பரதம் கற்றவர். மாடலிங் பக்கம் வந்து, 2004ல் 'மிஸ் இந்தியா ஆஸ்திரேலியா' பட்டம் வென்றார்.

இங்கே ஒரு குழப்பத்தைத் தெளிவுபடுத்திவிடலாம். இது 'மிஸ் ஆஸ்திரேலியா' அல்ல. ஐஸ்வர்யா ராயும் சுஷ்மிதா சென்னும் 1994ல் கலந்துகொண்ட 'ஃபெமினா மிஸ் இந்தியா'வும் அல்ல. ஆஸ்திரேலியாவில் வாழும் இந்திய வம்சாவளிப் பெண்களுக்காக அங்கேயே நடத்தப்படும் போட்டி. அமெரிக்கா, கனடா, பிரிட்டன் என இந்தியர்கள் அதிகம் உள்ள நாடுகளில் இதுபோன்ற போட்டிகள் நடக்கின்றன. உடை அலங்காரத்தோடு இந்திய நடனம், பாட்டு போன்ற திறமைச் சுற்றுகளும் இவற்றில் இடம்பெறுவது உண்டு. பரதம் தெரிந்தவர்களுக்கு இது கூடுதல் பலம்.

அழகிப் பட்டத்திலிருந்து தமிழ் சினிமாவுக்கு வருவது புதுசு இல்லை. ஐஸ்வர்யா ராயின் முதல் படமே மணிரத்னத்தின் 'இருவர்' (1997). சுஷ்மிதா சென் அதே ஆண்டு 'ரட்சகன்' படத்தில் நடித்தார். த்ரிஷா 1999ல் 'மிஸ் சென்னை' ஆனவர். விமலா ராமனும் அந்த வழியில் வந்தவர்தான். வித்தியாசம் என்னன்னா, அவர் கடல் கடந்து வந்தார்.

பாலசந்தர் கொடுத்த வாய்ப்பு

புதுமுகத்துக்கு இதைவிடப் பெரிய வாசல் கிடைக்குமா என்று கேட்கும் அளவுக்கு ஓர் அறிமுகம் அவருக்குக் கிடைத்தது. 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் ரஜினியையும், 'அவள் ஒரு தொடர்கதை' (1974) படத்தில் சுஜாதாவையும், 'டூயட்' (1994) படத்தில் பிரகாஷ் ராஜையும் தமிழுக்குக் கொண்டுவந்த கே.பாலசந்தர், 2006ல் 'பொய்' படத்தில் விமலா ராமனை நாயகியாக அறிமுகப்படுத்தினார். தயாரித்தவர் பிரகாஷ் ராஜ். தன்னை அறிமுகப்படுத்திய படத்தின் பெயரையே தன் தயாரிப்பு நிறுவனத்துக்கு வைத்தவர் அவர். நாயகன், தெலுங்கில் அப்போது பிரபலமாக இருந்த உதய் கிரண். இசை வித்யாசாகர்.

'பாலசந்தர் ஹீரோயின்' என்றாலே தமிழ் ரசிகர்களுக்கு ஓர் எதிர்பார்ப்பு உண்டு. சரிதா, சுஜாதா போல கண்ணால் பேசுகிற, வசனத்தில் வெட்டுகிற பெண். ஆனால் 2006ல் தமிழ் சினிமாவின் காற்று வேறு பக்கம் வீசிக்கொண்டிருந்தது. பாலசந்தரின் 70களின் பாணி அன்றைய இளம் ரசிகர்களை இழுக்கவில்லை. படம் ஓடவில்லை. அதற்குப் பிறகு பாலசந்தர் படம் இயக்கவே இல்லை. 2014 டிசம்பரில் அவர் மறைந்தபோது, 'பொய்' அவர் இயக்கிய கடைசிப் படமாகவே நின்றுவிட்டது.

அதாவது, தமிழின் மிகப்பெரிய 'அறிமுக' இயக்குநர் கொடுத்த வாய்ப்புதான். ஆனால் அவர் கடையைச் சாத்துகிற நேரத்தில் கிடைத்தது. 10 வருடம் முன்னால் வந்திருந்தால் கதை மாறியிருக்குமா? மாறியிருக்கலாம். இதில் நடிகையின் தவறு என்று ஒன்றைச் சொல்லிவிட முடியாது.

ஐந்து ஸ்டார்கள், ஒரே ஹீரோயின்

தமிழில் கதவு பாதி மூடியபோது, கேரளாவில் முழுசாகத் திறந்தது. பட்டியலைப் பாருங்கள். 2007ல் ஷாஜி கைலாஸின் 'டைம்' படத்தில் சுரேஷ் கோபியுடன். அதே ஆண்டில் 'சூர்யன்' படத்தில் ஜெயராமுடன், ஜோஷியின் 'நஸ்ராணி'யில் மம்மூட்டியுடன், 'ரோமியோ'வில் திலீப்புடன். 2008ன் தொடக்கத்தில் 'காலேஜ் குமாரன்' படத்தில் மோகன்லாலுடன்.

அன்றைய மலையாள சினிமாவின் 5 பெரிய ஹீரோக்கள். அத்தனை பேருடனும் சுமார் ஓராண்டுக்குள் நடித்து முடித்துவிட்டார். கேரளத்திலேயே பிறந்து வளர்ந்த நடிகைகளுக்கும் அவ்வளவு சுலபமாக வாய்க்காத விஷயம் இது.

ஆனா, இந்தப் பட்டியலில் ஒரு சிக்கலும் ஒளிந்திருக்கிறது. இவை பெரும்பாலும் ஹீரோவுக்காக எழுதப்பட்ட படங்கள். போஸ்டரில் ஹீரோ முகம்தான் பெரிசு. நாயகிக்குப் பாட்டும் சில காட்சிகளும் இருக்கும். படம் ஜெயித்தால் அது ஹீரோவின் வெற்றி. தோற்றால் அடுத்த படத்துக்கு வேறு நாயகியைத் தேடுவார்கள். 5 ஸ்டார்களுடன் நடித்தும், 'இது விமலா ராமன் படம்' என்று சொல்லும்படி ஒன்று அமைவது கஷ்டம்.

ஓரளவுக்கு விதிவிலக்கு, அதே 2007ல் வந்த 'பிரணயகாலம்'. பெரிய ஸ்டார் இல்லாத காதல் கதை. ஜோடி, அஜ்மல் அமீர். அடுத்த ஆண்டே மிஷ்கினின் 'அஞ்சாதே'யிலும், பிறகு 2011ல் 'கோ'விலும் தமிழ் ரசிகர்களை மிரட்டினாரே, அவரேதான். இந்தப் படத்தின் பாடல்களை மலையாளிகள் இன்றும் கேட்கிறார்கள். இசை ஔசேப்பச்சன்.

மொழி தெரியாமல் எப்படி?

இந்தக் கேள்வி பலருக்கும் வரும். விடை: டப்பிங். தென்னிந்திய சினிமாவில் நாயகியின் முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது என்பது பல பத்தாண்டு வழக்கம். தமிழில் வட இந்திய நாயகிகளுக்குச் சின்மயி, சவிதா போன்றவர்கள் குரல் கொடுத்தார்கள். மலையாளத்தில் பாக்யலட்சுமி, ஸ்ரீஜா ரவி ஆகியோர் எத்தனையோ நாயகிகளின் குரலாக இருந்தவர்கள். படப்பிடிப்பில் உதட்டசைவு ஓரளவு பொருந்தினால் போதும், மீதியை டப்பிங் தியேட்டரில் பார்த்துக்கொள்வார்கள்.

இது வெளியூர் நடிகைகளுக்கு வரம்தான், ஆனால் பாதி வரம். எந்த மொழியிலும் நுழைந்துவிடலாம். அதே வசதி அடுத்து வருபவருக்கும் இருக்கிறது அல்லவா? முகம் மட்டுமே தேவை என்றால் முகத்தை மாற்றுவதும் சுலபம். குரலோடு சேர்த்து ஒரு நடிகையை ரசிகர்கள் மனதில் பதிய வைத்துக்கொள்ளும் வாய்ப்பு அங்கே குறைந்துவிடுகிறது. ஊர்வசி, ரேவதி போன்றவர்களின் குரலைக் கண்ணை மூடிக்கொண்டே அடையாளம் சொல்கிறோமே, அந்த வித்தியாசம்தான் இது.

தமிழில் இரண்டாவது முயற்சி

2008ல் ஜெகன் இயக்கத்தில், சேரன் நடித்த 'ராமன் தேடிய சீதை' வந்தது. பெண் தேடும் ஒருவனின் வாழ்க்கையில் வந்துபோகும் பெண்கள் பற்றிய கதை. விமலா ராமனோடு கஜாலா, கார்த்திகா, நவ்யா நாயர், ரம்யா நம்பீசன் என மொத்தம் 5 நாயகிகள். நல்ல பெயர் கிடைத்த படம். ஆனால் 5 பேரில் ஒருவராக இருந்து தனி மார்க்கெட் பிடிப்பது எந்த நடிகைக்கும் சிரமமே.

பிறகு தெலுங்குப் பக்கம் போனார். 2009ல் வருண் சந்தேஷுடன் 'எவரைனா எப்புடைனா', 2010ல் ஜெகபதி பாபுவுடன் 'காயம் 2'. கன்னடத்தில் பி.வாசு இயக்கிய 'ஆப்த ரக்ஷகா' (2010). விஷ்ணுவர்தன் 2009 டிசம்பர் 30 அன்று மறைந்த பிறகு வெளியான படம் என்பதால் கர்நாடகத்தில் இதற்குத் தனி இடம் உண்டு. 'சந்திரமுகி' பார்த்தவர்களுக்கு இந்தக் கதை பழக்கமானதுதான். மலையாள 'மணிச்சித்ரதாழ்' (1993) கன்னடத்தில் 'ஆப்தமித்ரா' ஆனது. அதன் அடுத்த பாகம்தான் 'ஆப்த ரக்ஷகா'. பரதம் தெரிந்த நாயகி தேவைப்பட்ட கதை, சிட்னியில் கற்ற பரதம் இங்கே கைகொடுத்தது.

தமிழ்நாடு தடை செய்த படம்

2011 நவம்பரில் அவர் நடித்த ஒரு படத்தைத் தமிழ்நாட்டில் யாரும் தியேட்டரில் பார்க்க முடியாமல் போனது. படம் 'டேம் 999'. சோகன் ராய் இயக்கிய ஆங்கிலப் படம். 'உன்னாலே உன்னாலே' வினய் ராயும் விமலா ராமனும் ஜோடி. சீனாவில் 1975ல் நடந்த பான்சியாவ் அணை விபத்தை அடிப்படையாகக் கொண்டது என்று படக்குழு சொன்னது. ஆனால் முல்லைப் பெரியாறு விவகாரம் கொதித்துக்கொண்டிருந்த நேரம். பழைய அணை உடைவதைக் காட்டும் படம், கேரளத்தின் வாதத்துக்கு வலு சேர்க்கும் என்று இங்கே எதிர்ப்பு கிளம்பியது. தேனி, மதுரை, திண்டுக்கல், சிவகங்கை, ராமநாதபுரம் மாவட்டங்களின் பாசனமும் குடிநீரும் சம்பந்தப்பட்ட விஷயம் அது. தமிழக அரசு படத்துக்குத் தடை விதித்தது.

நடிப்பு எப்படி என்று பேசவே இடமில்லாமல் போன படம். சர்வதேச அளவில் கவனம் பெற நினைத்த ஒரு முயற்சி, நடிகையின் சொந்த மொழி மாநிலத்திலேயே திரைக்கு வராமல் முடங்கியது.

எமி ஜாக்சனுக்கு நடந்தது ஏன் இவருக்கு நடக்கவில்லை?

வெளிநாட்டு மாடல் என்றதும் பலருக்கு நினைவுக்கு வருபவர் எமி ஜாக்சன். பிரிட்டனைச் சேர்ந்தவர், 2009ல் 'மிஸ் டீன் வேர்ல்ட்'. ஏ.எல்.விஜய்யின் 'மதராசபட்டினம்' (2010) படத்தில் வெள்ளைக்காரப் பெண்ணாகவே வந்தார். அவருடைய நிறமும் பேச்சும் அந்தப் பாத்திரத்துக்குத் தேவையாக இருந்தன. அந்த முதல் படம் ஓடியது. அதன்பின் 'ஐ' (2015), 'தெறி' (2016), '2.0' (2018) என்று போனார்.

விமலா ராமன் நிலைமை நேர் எதிர். பார்க்க நம்ம ஊர்ப் பெண், ஆடுவது பரதம். 'வெளிநாட்டுப் பெண்' என்ற தனி அடையாளம் அவருக்கு இல்லை. அதனால் அவர் போட்டி போட்டது த்ரிஷா, நயன்தாரா, அசின், பாவனா என்று ஏற்கெனவே நிரம்பி வழிந்த வரிசையில். எமிக்கு அந்த வரிசையே இல்லை. ஆஸ்திரேலியாவில் பிறந்தது அவருக்குப் பேட்டியில் சொல்ல ஒரு தகவல். வாய்ப்பு தேடும் இடத்தில் அது பெரிதாக உதவவில்லை.

ஆஸ்திரேலியா என்றால் இன்னொரு பெயரையும் சொல்லியாக வேண்டும். பெர்த் நகரில் 1908ல் பிறந்த மேரி எவன்ஸ், சின்ன வயதில் பம்பாய் வந்து, சர்க்கஸில் வேலை பார்த்து, 1935ல் 'ஹண்டர்வாலி' படத்தில் சாட்டையோடு குதிரையேறி நாட்டையே திரும்பிப் பார்க்க வைத்தார். அவர்தான் 'ஃபியர்லெஸ் நாடியா'. ஸ்டண்ட் என்ற, வேறு யாரும் செய்யாத ஒன்று அவர் கையில் இருந்தது.

சரி, வெளிநாட்டில் பிறந்தவர் இங்கே நடிக்கச் சட்டத்தில் தடை உண்டா?

இந்திய வம்சாவளியினர் 'ஓசிஐ' அட்டை வைத்திருந்தால் சிக்கல் இல்லை. 2006 முதல் வழங்கப்படும் இந்த அட்டை, வாழ்நாள் விசா மாதிரி. தனியாக வேலை விசா எடுக்காமல் இங்கே வேலை பார்க்கலாம். பத்திரிகைப் பணி, மதப் பிரசாரம் போன்ற சிலவற்றுக்குத்தான் சிறப்பு அனுமதி வேண்டும். நடிப்பு அந்தப் பட்டியலில் இல்லை. ஓட்டுப் போட முடியாது, தேர்தலில் நிற்க முடியாது, விவசாய நிலம் வாங்க முடியாது. அட்டை இல்லாத வெளிநாட்டவர் என்றால் உரிய விசா கட்டாயம். சுற்றுலா விசாவில் வந்து படத்தில் நடித்தால் அது விதிமீறல்.

இப்போது என்ன செய்கிறார்?

2010களின் நடுவில் படங்கள் குறைந்தன. 2016ல் பிரியதர்ஷனின் 'ஒப்பம்' படத்தில், மீண்டும் மோகன்லால் படத்தில் தெரிந்தார். இந்த முறை நாயகியாக அல்ல, ஒரு முக்கியப் பாத்திரத்தில். தமிழில் 2019ல் சுந்தர்.சி நடித்த 'இருட்டு'.

2023ல் மட்டும் மூன்று படங்கள். தமிழில் வசந்த் ரவியுடன் திகில் படமான 'அஸ்வின்ஸ்'. தெலுங்கில் ஜெகபதி பாபுவின் 'ருத்ரங்கி', வருண் தேஜ் நடித்த 'காண்டீவதாரி அர்ஜுனா'. 'பொய்' வந்து 17 ஆண்டுகள் கழித்து. 30 வயதைத் தாண்டினாலே நாயகியை அக்கா, அண்ணி வேடத்துக்கு அனுப்பிவிடும் ஊரில், பாட்டுக்கு ஆடுவதைத் தாண்டி நடிக்க இடமுள்ள வேடங்கள் அவருக்கு இப்போதுதான் வர ஆரம்பித்திருக்கின்றன.