ஆர்ஸ் எலெக்ட்ரானிக்கா

ஆஸ்திரியாவில் டான்யூப் ஆற்றங்கரையில் உள்ள லின்ஸ் நகரின் கலை, தொழில்நுட்ப அமைப்பு. 1979இல் விழாவாகத் தொடங்கி, பின்னர் காட்சிக்கூடம், ஆய்வகம், பன்னாட்டுப் பரிசு என விரிந்தது. நகருக்கே சொந்தமானது.

இசைக்கு வியன்னாவும் சால்ஸ்பர்க்கும் பெயர்பெற்றிருக்க, லின்ஸ் எஃகு ஆலை ஊராகவே அறியப்பட்டிருந்தது. ஆஸ்திரிய ஒலிபரப்பு நிறுவனத்தின் உள்ளூர் நிலையத்தை நடத்திய ஹான்னஸ் லியோபோல்ட்செடர், இசைக்கலைஞர் ஹூபர்ட் பொக்னர்மயர், கணினி ஓவிய முன்னோடி ஹெர்பர்ட் ஃபிராங்கே, இசைத் தயாரிப்பாளர் உல்ரிச் ரூட்செல் ஆகியோர் 1979 செப்டம்பர் 18 அன்று முதல் விழாவைத் தொடங்கினர்.

அவ்விழாவின் உயிர்நாடி 'ஒலிமேகம்' என்ற திறந்தவெளி நிகழ்ச்சி. லின்ஸ் பேராலயத்தில் ஆர்கன் வாசித்த ஆன்டன் புருக்னரின் எட்டாம் சிம்பொனி, ஆற்றங்கரைப் பூங்காவில் ஒலிபெருக்கிகள் வழியே ஒலித்தது. சுமார் 1,00,000 பேர் திரண்டனர். வானொலியிலும் அதே நேரத்தில் ஒலிபரப்பாக, ரேடியோக்களைச் சன்னலில் வைக்கும்படி நகர மக்கள் கேட்டுக்கொள்ளப்பட்டனர். கச்சேரி அரங்கின் படியேறாதவர் வீட்டு ரேடியோவும் அன்று வாத்தியமாயிற்று. தொழில்நுட்பத்தைக் காட்சிப் பொருளாக மட்டும் வைக்காமல் ஊரார் கையில் கொடுத்ததே இவ்வமைப்பின் பெருமை. மறு ஆண்டு ஜெர்மானிய இசைஞர் கிளவுஸ் ஷூல்ட்சே, எஃகு ஆலையின் ஓசைகளைக் கொண்டே ஓர் இசைப்படைப்பை நிகழ்த்தினார். ஆலைத் தொழிலாளர் நாள்தோறும் கேட்ட இரைச்சலுக்கு மேடை கிடைத்தது.

1980க்குப் பின் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை நடந்த விழா, 1986 முதல் ஆண்டுதோறும் நடக்கிறது. 1987இல் தொடங்கிய பரிசின் கணினி அசைபடப் பிரிவில் முதலில் வென்றவர் ஜான் லாசெட்டர். பின்னர் 1999இல் லினக்ஸுக்கும் 2004இல் விக்கிப்பீடியாவுக்கும் இப்பரிசு சென்றது. பலர் கூடிச் செய்த பணியையும் படைப்பாக மதித்த துணிவான தேர்வுகள் இவை. ஆஸ்திரியாவின் 19 வயதுக்கு உட்பட்டோருக்கு 1998 முதல் தனிப் பிரிவு உண்டு.

ஆற்றின் வடகரையில் 1996இல் திறந்த காட்சிக்கூடக் கட்டடம், லின்ஸ் ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராக இருந்த 2009இல் விரிவாக்கப்பட்டது. ஃபியூச்சர்லேப் ஆய்வகமும் 1996இல் பிறந்ததே. கலைஞரும் பொறியாளரும் அங்கே ஒன்றாக வேலை செய்கின்றனர். 2012 ஒலிமேகத்தில் ஒளிவிளக்கு பொருத்திய 49 ட்ரோன்களை ஆற்றின் மேல் பறக்கவிட்டது இந்த ஆய்வகமே.

2015இல் விழா, ரயில் நிலையத்தை அடுத்த பழைய அஞ்சல் பிரிப்பு நிலையத்துக்குச் சென்றது. பொட்டலங்கள் இறங்கிய சறுக்குப் பாதைகளின் நடுவே படைப்புகள் வைக்கப்பட்டன. கொரோனா பரவிய 2020இல் பல்கலைக்கழக வளாகத்துக்கு இடம்பெயர்ந்தபோது, பிற நாடுகளின் கலை அமைப்புகள் தத்தம் ஊர்களிலிருந்தே இணைந்து விழாவை நடத்தின.