புகையில் வெந்த விலா எலும்பு: ஓர் உணவின் சமுதாய வரலாறு

மன்னர்களின் வரலாற்றை எழுதுவதற்குக் கல்வெட்டுகளும் செப்பேடுகளும் உள. அவர்களுக்குச் சமைத்தவர்களின் வரலாற்றுக்கு அத்தகைய சான்றுகள் அரிது. ஆயினும், ஒரு சமுதாயத்தில் உழைத்தவர் யார், உண்டவர் யார், யாருடைய நேரம் யாருக்கு உடைமையாயிருந்தது என்னும் வினாக்களுக்கு உணவின் வரலாறு தெளிவான விடைகளைத் தரவல்லது. ஐக்கிய அமெரிக்காவின் வீட்டு முற்றங்களில் இன்று விடுமுறைப் பொழுதுபோக்காகச் செய்யப்படும் பார்பிகியூ விலா எலும்பு இதற்குத் தக்கதோர் எடுத்துக்காட்டாகும்.

பன்றியின் விலா எலும்புகளைத் தணலின் மிதவெப்பத்திலும் விறகின் புகையிலும் மெதுவாக வேகவைப்பதே இவ்வுணவு. ஏறத்தாழ 107 பாகை செல்சியஸ் வெப்பத்தில் ஐந்து அல்லது ஆறு மணிநேரம் இதற்கு வேண்டும். விலா எலும்பை ஒட்டிய இறைச்சியில் இணைப்பிழையம் மிகுதி. அதிலுள்ள கொலாஜன் என்னும் புரதம் நீண்டநேர வெப்பத்தில் ஜெலற்றினாக இளகும்போதே இறைச்சி மென்மை பெறுகின்றது. அவசரமாகச் சுட்டால் அது கடிக்கவொண்ணாதபடி இறுகிவிடும். ஆகவே, இறைச்சியும் விறகும் எத்துணை முக்கியமோ அத்துணை முக்கியமான மூலப்பொருள் நேரம் எனலாம். அந்த நேரத்தைக் கொடுத்தவர் யார் என்பதே இக்கட்டுரை ஆராயப் புகும் வினாவாகும்.

கரிபியன் தீவுகளில் வாழ்ந்த தைனோ மக்கள் கம்புகளாற் கட்டிய பரணை நெருப்பின்மேல் அமைத்து மீனையும் இறைச்சியையும் வாட்டினர். அப்பரணைக் குறித்த சொல்லே ஸ்பானிய மொழியிற் ‘பார்பகோவா’ ஆகிப் பின்னர் ஆங்கிலத்திற் புகுந்தது. பன்றியோ அம்மண்ணுக்குரியதன்று. 1493இல் தொடங்கிய கொலம்பசின் இரண்டாம் பயணத்தின்போது அது கரிபியன் தீவுகளுக்கும், 1539இல் ஏர்னாண்டோ டி சோட்டோவின் படையெடுப்பின்போது புளோரிடாவுக்கும் கொண்டுவரப்பட்டது. இவ்வாறு, வந்தேறியவரின் விலங்கும் மண்ணின் மக்களது சமையல் முறையும் ஒன்றிணைந்தன. ஆனால், சொல்லை வழங்கிய தைனோ சமுதாயம் கட்டாய உழைப்பாலும் கொள்ளைநோய்களாலும் சில தலைமுறைகளுக்குள் சிதைந்துபோயிற்று.

வேர்ஜீனியா முதலான ஆங்கிலேயக் குடியேற்றங்களில் 18ஆம் நூற்றாண்டில் பார்பிகியூ பெருவிருந்தாக வளர்ச்சியுற்றது. அலெக்சாந்திரியாவில் நிகழ்ந்த அத்தகைய விருந்தொன்றுக்குத் தாம் சென்றதை ஜோர்ஜ் வாஷிங்டன் 1769ஆம் ஆண்டு நாட்குறிப்பிற் பதிந்துள்ளார். விருந்தினரின் பெயர் வரலாற்றில் நிலைத்தது. நெருப்பைக் காத்தவர்களின் பெயர்கள் நிலைக்கவில்லை. தென்மாநிலங்களிற் பெருந்தோட்ட முடையாளர் நடத்திய விருந்துகளுக்கு நீண்ட குழிகளை வெட்டியோரும், மரத்தை எரித்துத் தணலாக்கியோரும், இரவெல்லாம் விழித்திருந்து முழுப் பன்றிகளைப் புரட்டியோரும் பெரும்பாலும் அடிமைப்படுத்தப்பட்ட ஆபிரிக்க மக்களே. 1930களில் மத்திய அரசின் எழுத்தாளர் திட்டம் முன்னாள் அடிமைகளின் வாய்மொழிச் சான்றுகளைத் திரட்டியது. தென் கரோலினாவைச் சேர்ந்த வெஸ்லி ஜோன்ஸ் என்ற முதியவர், வினாகிரியும் மிளகும் பிறவும் கலந்த குழம்பை இரவு முழுவதும் இறைச்சிக்குத் தடவிச் சமைத்ததை அதில் விவரித்துள்ளார். மெல்லிய சூட்டைக் கண்பார்வையாலும் கைப்பழக்கத்தாலும் அளந்தறியும் நுட்பம் இவர்களிடம் விளைந்த அறிவாகும். ஆயின், அவ்வறிவும் அந்த இரவும் சட்டப்படி எசமானனின் உடைமைகளாயிருந்தன.

1865இல் அடிமை முறை ஒழிக்கப்பட்டதும் அதே அறிவு பலருக்குப் பிழைப்புக்கான வழியாயிற்று. அதே ஆண்டின் இறுதியிற் சிக்காகோவில் பெரும் கால்நடைத் தொழுவங்கள் திறக்கப்பட்டமையும் குறிப்பிடத்தக்கது. இறைச்சி ஆலைகள் பன்றியைப் பாகம் பாகமாகப் பிரித்து விற்றன. உப்பிட்டுப் பீப்பாய்களில் அடைப்பதற்கு எலும்பு மிகுந்த விலாப் பகுதி ஏற்றதன்று; எனவே ஆலைகளைச் சுற்றியிருந்த உழைப்பாளர் அதனைக் குறைந்த விலைக்குப் பெற்றனர். முழுப் பன்றியிலிருந்து விலா எலும்பு தனியோர் உணவாகப் பிரிந்தமைக்குக் கைத்தொழில் முதலாளித்துவமும் காரணமாகும்.

ஏறக்குறைய 1910 முதல் 1970 வரை சுமார் அறுபது இலட்சம் கறுப்பின மக்கள் தெற்கைவிட்டுப் பிற பகுதிகளின் நகரங்களுக்குக் குடிபெயர்ந்தனர். அப்பெயர்வின் முன்னோடிகளுள் ஒருவராக 1907இற் கன்சாஸ் நகரை அடைந்தவர் ஹென்றி பெரி. ரெனசி மாநிலத்திற் பிறந்த இவர், அந்நகரிற் புகையூட்டிய இறைச்சியைச் செய்தித்தாளிற் சுற்றி 25 சதத்துக்கு விற்றார். கறுப்பரும் வெள்ளையரும் அவரிடம் வாங்கினர். 1940இல் அவர் மறைந்தபின் அவரிடம் பணியாற்றிய சார்லி பிரயன்ற் கடையை ஏற்றார்; 1946இல் அது அவர் சகோதரர் ஆதரிடம் சென்றது. இங்கு நெருப்பருகே கழிந்த இரவுகளின் பயன் உழைத்தவரையே சேர்ந்தது.

எனினும், சமையற்கட்டில் ஏற்கப்பட்ட கை உணவுமேசையில் ஏற்கப்படவில்லை. அலபாமா மாநிலத்துப் பேர்மிங்ஹாமில் 1927இல் தொடங்கப்பட்ட ‘ஒல்லீஸ் பார்பிகியூ’ என்ற உணவகத்தின் ஊழியர்களில் ஏறத்தாழ மூன்றில் இரு பங்கினர் கறுப்பினத்தவர். ஆனால், கறுப்பின வாடிக்கையாளர் அங்கு அமர்ந்து உண்ண அனுமதிக்கப்படவில்லை. பொதியாக வாங்கிச் செல்லவே முடிந்தது. 1964ஆம் ஆண்டின் குடியியல் உரிமைச் சட்டம் தம்மைக் கட்டுப்படுத்தாது என உரிமையாளர் வழக்காடினர். அவ்வாண்டு டிசம்பரில் ஐக்கிய அமெரிக்க உயர் நீதிமன்றம் அவ்வாதத்தை நிராகரித்தது. அவ்வுணவகத்தின் இறைச்சி வெளிமாநிலங்களிலிருந்து வந்தமையால், மாநிலங்களுக்கிடையிலான வர்த்தகத்தை ஒழுங்குபடுத்தும் காங்கிரசின் அதிகாரம் அதற்கும் பொருந்தும் என்பது தீர்ப்பின் அடிப்படையாகும். இறைச்சி எங்கிருந்து வந்தது என்ற கணக்கின் வழியாகவே, சமைப்பவரின் இனத்தவர் அமர்ந்து உண்ணும் உரிமை உறுதிப்பட்டமை சிந்தனைக்குரியது.

இதே காலத்தில் பார்பிகியூ வீட்டு முற்றத்தை அடைந்தது. 1920களில் ஹென்றி போர்ட் தம் மோட்டார் வண்டித் தொழிலின் மரக்கழிவிலிருந்து கரிக்கட்டிகளை உற்பத்தி செய்வித்தார். 1952இற் சிக்காகோவைச் சேர்ந்த ஜோர்ஜ் ஸ்டீபன், தாம் பணியாற்றிய உலோக ஆலையின் மிதவை உருண்டையை இரண்டாக்கி மூடியுள்ள அடுப்பொன்றை வடிவமைத்தார். குழி வெட்டாமலே புகையை அடக்கிச் சமைக்க இது உதவியது. ஆனால், அவ்வடுப்பை வைப்பதற்கு முற்றம் வேண்டும். 1934இல் நிறுவப்பட்ட மத்திய வீடமைப்பு நிர்வாகம் கறுப்பினக் குடியிருப்புகளின் கடன்களுக்குக் காப்புறுதி வழங்க மறுத்துவந்தமையால், புறநகர் முற்றங்கள் பெரிதும் வெள்ளையருக்கே வாய்த்தன. அடிமையின் இரவுப்பணி இவ்வாறு நடுத்தர வர்க்கத்தின் ஓய்வுநேரக் கலையாக உருமாறிற்று.

இவ்வுணவு பல இனத்தவரின் பொதுச் சொத்து என வாதிடுவோர் உளர். டெக்சாசிற் குடியேறிய ஜேர்மானிய இறைச்சிக் கடைக்காரர் போன்றோரின் பங்கை எவரும் மறுக்கவியலாது. ஆனால், பொதுச் சொத்து என்ற சொல் உழைப்பின் சமனின்மையை மறைக்கும் திரையாகிவிடலாகாது. பலர் கொடுத்தனர் என்பது உண்மை. அவருட் சிலர் விரும்பிக் கொடுத்தனர், வேறு சிலரிடமிருந்து பறிக்கப்பட்டது என்பதும் உண்மையே.

தொகுத்து நோக்கின், அடிமைக் காலத்தும் ஆலைக் காலத்தும் புறநகர்க் காலத்தும் விலா எலும்பு வேகும் நேரம் மாறவில்லை. அந்நேரத்துக்கு உரியவரே மாறினர். ஒய்வுநாளில் முற்றத்தில் அடுப்பேற்றி ஆறு மணிநேரம் காத்திருக்கும் ஒருவர் நுகர்வது சுதந்திரத்தின் சுவையாகும். அச்சுவையை உருவாக்கியோரிற் பெரும்பாலோர்க்கு அச்சுதந்திரம் இருக்கவில்லை என்பதை எழுதி வைப்பது வரலாற்று மாணவரின் கடமையாகும்.