திருப்பணமூரிலிருந்து ஓர் ஏர் மார்ஷல்

2019 பிப்ரவரி 27 அன்று மிக்-21 விமானத்திலிருந்து பாராசூட்டில் இறங்கிப் பாகிஸ்தான் படையிடம் சிக்கினார் இந்திய விமானப் படை விமானி அபிநந்தன் வர்த்தமான். மார்ச் 1 இரவு அவர் வாகா எல்லையைத் தாண்டி வருவதற்குள் அவருடைய பூர்வீக ஊரான திருப்பணமூரைத் தொலைக்காட்சி வண்டிகள் கண்டுபிடித்துவிட்டன. காஞ்சிபுரத்திலிருந்து பாலாற்றைக் கடந்து சுமார் 20 கிலோமீட்டர் போனால் வரும் சிற்றூர் அது. இன்றைய கணக்கில் திருவண்ணாமலை மாவட்டம் என்றாலும் ஊரின் கடைத்தெருவும் கோயிலுறவும் காஞ்சியோடுதான். தமிழ்ச் சமணர்கள் தலைமுறை தலைமுறையாக நிலம் வைத்துப் பயிர்செய்யும் ஊர். அந்தப் பரபரப்பில் மகனின் மீசை பேசப்பட்ட அளவுக்குத் தந்தையின் பணி பேசப்படவில்லை. தந்தை எஸ். வர்த்தமான் 1973-ல் போர் விமானியாகச் சேர்ந்து, 2012-ல் ஷில்லாங்கைத் தலைமையிடமாகக் கொண்ட கிழக்கு விமானப் படைக் கட்டளையின் தலைவராக, ஏர் மார்ஷல் பதவியில் ஓய்வு பெற்றவர். தாத்தாவும் விமானப் படையில் பணியாற்றியவர். வரலாற்றுக் கண்ணோடு பார்த்தால் மகனின் மூன்று நாள் சிறையைவிடத் தந்தையின் நாற்பதாண்டு ஏணிதான் நம் கவனத்துக்குரியது. தென்னாட்டான் சண்டைக்கு ஆகமாட்டான் என்று பிரிட்டிஷார் எழுதிவைத்த தீர்ப்பை எந்தப் படை எப்படிக் காலாவதியாக்கியது என்பது அதில் தெரிகிறது. ‘தெற்கிலும் வீரர்கள் உண்டு’ என்று ஒப்புக்கொண்டு அது நடக்கவில்லை. விமானம் என்ற இயந்திரத்துக்கு ஆள் எடுக்கும்போது வீரப் பரம்பரை பார்ப்பதில் பயனில்லை என்பதால் நடந்தது.

அந்தத் தீர்ப்பு எவ்வளவு அபத்தம் என்பதற்குக் காஞ்சியைச் சுற்றியுள்ள மண்ணே போதும். காஞ்சிக்குப் பக்கத்துப் புள்ளலூரில் ஏழாம் நூற்றாண்டில் மகேந்திரவர்மன் பகைவரை வென்றதாகப் பிற்காலப் பல்லவர் செப்பேடு சொல்கிறது. அதே புள்ளலூரில் 1780 செப்டம்பர் 10 அன்று ஹைதர் அலியும் திப்புவும் கர்னல் பெய்லியின் படையை நிர்மூலமாக்கினார்கள். அங்கே செத்தவர்களில் பெரும்பகுதி கம்பெனியின் சென்னைச் சிப்பாய்கள். பிரெஞ்சுக்காரர்களின் இந்தியக் கனவு முடிந்த 1760-ம் ஆண்டு வந்தவாசிச் சண்டை நடந்த இடமும் தூரமில்லை. காஞ்சியில் தறி நெய்யும் சமூகங்களில் ஒன்றான செங்குந்தக் கைக்கோளர்களின் பெயர் சோழர் கல்வெட்டுகளில் ‘தெரிஞ்ச கைக்கோளர்’ என்று படைப்பிரிவாகவே வருகிறது. வேல் பிடித்த அதே கைதான் நெய்ததா என்று ஆய்வாளர்கள் வாதாடட்டும். நெசவு என்றால் சாதுத் தொழில், நெசவாளி என்றால் பயந்தவன் என்ற சமன்பாடு அந்தக் காலத்தில் இல்லை என்பது மட்டும் உறுதி. இத்தனைக்கும் பிறகு 1880-களில் சென்னைப் படைக்கும் பின்னர் இந்தியப் படை முழுவதற்கும் தளபதியாக இருந்த ராபர்ட்ஸ், வடக்கத்திக் குடிகளோடு ஒப்பிட்டால் சென்னைச் சிப்பாய் தேறமாட்டான் என்ற முடிவுக்கு வந்தார். நீண்ட அமைதியில் தெற்கு மென்மையாகிவிட்டது என்பது அவருடைய வாதம். அதன் விளைவாகச் சென்னைப் பட்டாளங்கள் ஒவ்வொன்றாகக் கலைந்தன. எஞ்சி நின்றவர்கள் சென்னை சாப்பர்கள், அதாவது பாலம் கட்டவும் கண்ணிவெடி வைக்கவும் தெரிந்தவர்கள். கைத்தொழில் தெரிந்த தென்னாட்டானைப் படையால் கைவிட முடியவில்லை.

1932 அக்டோபர் 8 அன்று இந்திய விமானப் படை சட்டப்படி பிறந்தது. அடுத்த ஆண்டு ஏப்ரல் 1-ல் கராச்சி டிரிக் ரோட்டில் வாபிட்டி விமானங்களோடு முதல் ஸ்குவாட்ரன் எழுந்தது. இங்கிலாந்தின் கிரான்வெல்லில் பயின்று வந்த அந்த முதல் ஐந்து விமானிகளில் இரண்டு பேர் வங்காளிகள்: ஹரீஷ் சந்திர சர்க்கார், சுப்ரதோ முகர்ஜி. பிரிட்டிஷாரின் அந்தத் தீர்ப்பில் வங்காளியும் சண்டைக்கு ஆகாதவன்தான். 1954 ஏப்ரல் 1 அன்று அந்த முகர்ஜியே படையின் முதல் இந்தியத் தலைவரானார். அவருக்குப் பின் வந்தவர் ஆஸ்பி எஞ்சினியர் என்ற பார்சி, பதினேழு வயதில் இங்கிலாந்துக்கும் இந்தியாவுக்கும் இடையே தனியாக விமானம் ஓட்டி ஆகாகான் பரிசு வென்றவர். 1939-ல் ஒரே ஒரு ஸ்குவாட்ரனாக இருந்த படை, உலகப் போர் முடிவதற்குள் ஒன்பதாக வளர்ந்தது. அந்த அவசரத்தில் ‘எந்தக் குடி’ என்று கேட்டு ஃபிட்டரையும் வயர்லெஸ்காரரையும் தேட நேரமில்லை. இங்கிலீஷ் படிக்கத் தெரியுமா, கணக்குத் தெரியுமா, கண் பார்வை சரியா என்பவையே கேள்விகள். ஆக, ஒரு ஸ்குவாட்ரனின் உள்ளே குடிவாரியான கம்பெனிகள் உருவாகவே இல்லை.

உடனே ஒரு மறுப்பு எழும். தரைப்படையிலும் தமிழர்கள் உச்சத்துக்குப் போனார்களே, அதுவும் விமானப் படைக்கு முன்பே? உண்மைதான். ஜெனரல் பி.பி. குமாரமங்கலம் 1966-ல் தலைமைத் தளபதியானார். காஞ்சிபுரம் அடங்கியிருந்த அதே பழைய செங்கல்பட்டு மாவட்டத்தில் பிறந்த கே. சுந்தர்ஜி 1986-ல் அந்த நாற்காலியில் அமர்ந்தார். விமானப் படைக்குத் தமிழரான எஸ். கிருஷ்ணசாமி தலைவரானது 2001 டிசம்பர் 31-ல்தான். நாற்காலியை மட்டும் எண்ணினால் தரைப்படைதான் முந்தியது. ஆனால் குமாரமங்கலம் ஜமீன் குடும்பத்துப் பிள்ளை, உல்விச்சில் பயின்றவர். அவர் காலத்தில் அந்த வாசல் அத்தகைய வீடுகளுக்கே திறந்தது. மேலே அதிகாரி எங்கிருந்து வந்தாலும், கீழே சீக்கியர், ஜாட், ராஜபுத்திரர், தோக்ரா என்று குடிப்பெயரோடு ரெஜிமெண்டுகள் சுதந்திரத்துக்குப் பின்னும் தொடர்ந்தன. விமானப் படையில் அதிகாரிக்கும் சரி, ஏர்மேனுக்கும் சரி, அந்த அடுக்கு இல்லை. நான் சொல்லவருவது இந்த அமைப்பு வேறுபாட்டை. தலைவர்களின் பட்டியலை அல்ல.

அமைப்பு எப்படி ஆளைச் செதுக்குகிறது என்பதை வர்த்தமானின் பணிப்பாதையில் கிட்டத்தில் வைத்துப் பார்க்கலாம். அந்தத் தலைமுறையில் விமானியாக விரும்பியவர் தேர்வு வாரியத்தின் ஐந்து நாள் சோதனையோடு ‘பைலட் ஆப்டிட்யூட்’ சோதனை ஒன்றையும் தாண்ட வேண்டும். கருவிமுகப்பைப் படிக்கச் சொல்வார்கள்; கையும் காலும் கண்ணும் ஒரே நேரத்தில் இயங்குகின்றனவா என்று இயந்திரத்தில் உட்காரவைத்துப் பார்ப்பார்கள். ஆயுளில் ஒரே ஒரு வாய்ப்பு. தவறினால் ஜெனரலின் மகனானாலும் விமானி ஆக முடியாது. சேர்ந்த பிறகும் இதே கதைதான். வர்த்தமான் சோதனை விமானியானார். நாற்பதுக்கும் மேற்பட்ட வகை விமானங்களை, 4,000 மணி நேரத்துக்கும் மேல் ஓட்டியவர் என்று பதிவாகியிருக்கிறது. சோதனை விமானியின் வேலை சாகசம் அல்ல, குறிப்பெடுப்பது. விமானம் எந்த வேகத்தில் குலுங்குகிறது, எந்தக் கோணத்தில் கைக்கு அடங்க மறுக்கிறது என்று பறந்துகொண்டே கவனித்து, இறங்கியதும் பொறியாளருக்குப் புரியும்படி எழுதித் தர வேண்டும். 1999 கார்கில் போரின்போது அவர் மிராஜ்-2000 விமானங்கள் நிற்கும் குவாலியர் தளத்தில் தலைமைச் செயல்பாட்டு அதிகாரி. மே 26-ல் வான் தாக்குதல் தொடங்கியபோது அந்த உயரத்து இலக்குகளைத் துல்லியமாக அடிக்க லேசர் வழிகாட்டும் குண்டுகளை மிராஜில் அவசரமாகப் பொருத்த வேண்டியிருந்தது. ஜூன் 24 அன்று டைகர் ஹில் உச்சியிலிருந்த எதிரியின் நிலையின்மீது அந்தக் குண்டு விழுந்தது. விமானத்தையும் பொறியாளரையும் விமானியையும் ஒரே நேர அட்டவணைக்குள் கொண்டுவருபவர்தான் அங்கே தலைவர். வாளை உயர்த்திப் படைக்கு முன்னால் ஓடும் தளபதியின் படத்துக்கு இந்த வேலையில் இடமே இல்லை. (மணிரத்னத்தின் ‘காற்று வெளியிடை’க்கு ஆலோசகராக இருந்தவரும் இவர்தான், சினிமாவுக்கு என்னவோ சாகசம்தான் தேவைப்பட்டது.)

இரண்டாவது மறுப்பு கூர்மையானது. கொல்லாமையைத் தலையாய அறமாகக் கொண்ட சமணர் வீட்டுப் பிள்ளை குண்டு போடும் படைக்குத் தலைமை தாங்கலாமா? இதற்குக் காஞ்சிக்குள்ளேயே பதில் நிற்கிறது. வேகவதிக்கு அப்பால் திருப்பருத்திக்குன்றத்தில், ஜினகாஞ்சி என்று பெயர்பெற்ற பகுதியில், தீர்த்தங்கரர் வர்த்தமானருக்கு ஒரு கோயில் இருக்கிறது. அதன் முன்னால் சங்கீத மண்டபம். கூரையை அண்ணாந்து பார்த்தால் ரிஷபரின் வாழ்க்கையும் வர்த்தமானரின் வாழ்க்கையும் நேமிநாதரோடு சேர்ந்த கண்ணன் கதையும் சிவப்பும் மஞ்சளுமாகப் பட்டை பட்டையாக ஓடுகின்றன. மண்டபத்தை 1387-ல் கட்டுவித்தவர் இருகப்பர், விஜயநகரத்து இரண்டாம் ஹரிஹரனின் அமைச்சர், தண்டநாயகர். தந்தை பைச்சப்பரும் தண்டநாயகர்தான். தன் குரு புஷ்பசேனரின் சொல்லுக்காக இந்த மண்டபத்தை எழுப்பிய அதே மனிதர், ஹம்பியில் குந்துநாதருக்கும் கோயில் கட்டியவர், சம்ஸ்கிருதத்தில் நிகண்டு எழுதியவர். அவருக்கு நானூறு ஆண்டுகளுக்கு முன் சிரவணபெளகொளாவில் கோமடேசுவரரை நிறுத்திய சாவுண்டராயரும் கங்கரின் படைத்தலைவர். சமண அறநூல்கள் துறவிக்கு மகாவிரதமும் இல்லறத்தாருக்கு அணுவிரதமும் வகுத்தன. மனமறிந்து திட்டமிட்டுச் செய்யும் கொலையை இல்லறத்தான் முற்றாக விலக்க வேண்டும். உழவிலும் சமையலிலும் நேரும் உயிர்ச்சேதமும், எதிர்த்து வருபவனைத் தடுப்பதில் நேரும் ‘விரோதி ஹிம்சை’யும் வேறு கணக்கு. இருகப்பரிலிருந்து திருப்பணமூர்க் குடும்பத்துக்கு ரத்தக் கோடு ஏதும் போடமுடியாது. போட வேண்டியதும் இல்லை. ஜினகாஞ்சியின் சமணம் படைத்தலைமையைக் கண்டு முகம் சுளித்ததில்லை என்பதற்குக் கல்லில் சாட்சி இருக்கிறது, அவ்வளவே.

மூன்றாவதாக, வாசல் திறந்திருந்தால் அர்ஜன் சிங், தில்பாக் சிங், தனோவா என்று தலைவர் பட்டியலில் பஞ்சாப் ஏன் இவ்வளவு கனக்கிறது என்று கேட்கலாம். குடி கேட்காமல் ஆள் எடுத்தால் மட்டும் எல்லா ஊரிலிருந்தும் ஆள் வந்துவிடாது. பஞ்சாபில் படைவேலை குடும்பத்துக்குக் குடும்பம் தெரிந்த பாதை. எந்தத் தேர்வை எந்த வயதில் எழுதுவது என்று சொல்ல வீட்டிலேயே ஒரு மாமா இருப்பார். காஞ்சிப் பக்கம் அந்த மாமா அரிது. பழைய செங்கல்பட்டு மாவட்டத்துத் தாம்பரத்தில் 1954 முதல் விமானப் படையின் பயிற்றுநர் பள்ளி இயங்குகிறது. நாட்டின் போர் விமானிகளுக்குப் பறக்கக் கற்றுக்கொடுப்பவர்கள் உருவாகும் இடமே அதுதான். இருந்தும் சுற்றுவட்டாரத்துப் பிள்ளைகளுக்கு அது வேலியும் இரைச்சலுமாகவே இருந்துவந்திருக்கிறது. திருப்பணமூர் வீட்டில் தாத்தாவே பாதையைக் காட்டிவிட்டார். பரம்பரை இங்கும் வேலை செய்கிறது, ஆனால் ரத்தமாக அல்ல, தகவலாக. பஞ்சாபின் எண்ணிக்கை என் வாதத்தை உடைக்காமல் திருத்துகிறது.

என் வாதத்துக்கு நானே வைக்கும் மறுப்பு இன்னும் கடுமையானது. குடியை விட்டுவிட்டுப் படிப்பை அளவுகோலாக்கியதால் யாருக்கு லாபம்? நிலமும் எழுத்தறிவும் இருந்த தமிழ்ச் சமணருக்கு, ஊர் சிறியதானாலும், பள்ளி எட்டாத ஒன்றல்ல. காஞ்சித் தறிக்காரருக்கு எட்டியதா? கோர்வைச் சேலைக்குக் குழித்தறியில் இருவர் வேண்டும். நெய்பவர் உடலை நெய்ய, பக்கத்தில் உட்கார்ந்து கரைக்கான நாடாவைத் தள்ள இன்னொருவர். அந்த இன்னொருவர் பல பத்தாண்டுகளாகப் பெரும்பாலும் அதே வீட்டுப் பிள்ளை, இல்லையென்றால் முன்பணம் வாங்கிய வேறொரு வீட்டுப் பிள்ளை. கையும் காலும் கண்ணும் ஒத்து இயங்குவதில் அந்தப் பிள்ளையை விஞ்ச எந்தத் தேர்வுக்கூடத்திலும் ஆள் கிடைக்காது. ஆனால் அந்தச் சோதனைக்குமுன் ஒரு கணிதத் தாள் இருக்கிறது. அதற்குமுன் பன்னிரண்டு ஆண்டுப் பள்ளி இருக்கிறது. 1990-களின் இறுதியில்தான் தறியிலிருந்து பிள்ளைகளை மீட்டுப் பள்ளியில் சேர்க்கும் முயற்சிகள் காஞ்சியில் வேகம் பிடித்தன. அப்போது பத்து வயதில் நாடாவை விட்டுப் புத்தகம் எடுத்தவருக்கு இப்போது முப்பத்தைந்தைத் தாண்டியிருக்கும். விமானப் படையில் சேர்ந்திருந்தால் விங் கமாண்டர் வயது. வர்த்தமானுக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஓய்வு வரை 39 ஆண்டுகள் ஆயின. அதே கணக்கில் போனால், தறிக்காரர் வீட்டிலிருந்து ஓர் ஏர் மார்ஷல் வந்தாரா இல்லையா என்பது 2040-களில்தான் தெரியவரும்.